மீனுக்கு எதனால் தெரிந்தது? புலன்களை ஒவ்வொன்றாகப் பிரித்துச் சோதிக்கும் முறை

தொட்டிக் கண்ணாடியை விரலால் தட்டினால் மீன் துள்ளி ஓடும். "பாத்தீங்களா, மீனுக்குக் காது கேக்கு" என்பார் பக்கத்தில் நிற்பவர். கேட்டும் இருக்கலாம். ஆனால் விரல் வருவதைக் கண்ணால் பார்த்திருக்கலாம், நிழல் விழுந்திருக்கலாம், தட்டியதில் தண்ணீர் அசைந்ததை, உடம்பின் பக்கவாட்டில் ஓடி நீரசைவை அறியும் உறுப்பான பக்கக்கோடு உணர்ந்திருக்கலாம். அந்த ஒரு தட்டலை வைத்து இவற்றில் எது என்று சொல்ல வழியே இல்லை. பள்ளியிலும் கல்லூரியிலும் செய்யும் பல சோதனைகள் கெட்டுப்போவது இந்த இடத்தில்தான். ஒரு புலனைச் சோதிக்க வேண்டுமென்றால் அதே செய்தி மற்றப் புலன்கள் வழியாகப் போகாதபடி முதலில் அடைக்க வேண்டும். கீழே உள்ள எல்லா முறையும் இந்த ஒரு விதியின் மேல்தான் நிற்கிறது. உயிருள்ள மீனை அறுப்பதற்கோ, கண்ணைக் கட்டுவதற்கோ எங்கும் தேவை வராது. உள்ளுறுப்புகளைப் பார்க்கச் சந்தையில் வாங்கிய மீன் போதும்.

மீனும் தண்ணீரும்

கெண்டை வகையில் ஆறு முதல் எட்டுக் குஞ்சுகள் வேண்டும். குளத்துக் கெண்டை கிடைக்காவிட்டால் கடையில் விற்கும் சீப்ரா மீன் அதே வேலையைச் செய்யும். இவை கூட்டமாக வாழ்பவை. ஒன்றைத் தனியாக விட்டால் மூலையில் ஒடுங்கிவிடும், எந்தச் சோதனைக்கும் பதில் தராது. இரண்டாவது, விரல் நீள ஜிலேபிக் கெண்டை இரண்டு. பெயரில் கெண்டை இருந்தாலும் இது கெண்டைக் குடும்பமே அல்ல, ஒப்பிட்டுப் பார்க்க உதவுவதும் அதனால்தான். மூன்றாவது, 10 முதல் 15 செ.மீ. நாட்டுக் கெளுத்தி ஒன்று. நான்காவது, வாய்க்கால் ஓரத்தில் நீர்மட்டத்தை ஒட்டியே நிற்கும், தலை உச்சியில் வெளிர்ப் புள்ளி மின்னும் தட்டைத் தலைச் சிறுமீன். அலங்கார மீன் கடைக்காரர்கள் பாஞ்சாக்ஸ் என்பார்கள்.

பிசான நெல் பயிருக்குத் தண்ணீர் திறந்த பிறகு, ஐப்பசி கார்த்திகையில், மடையடியிலும் வாய்க்கால் புல்லோரத்திலும் இவற்றில் மூன்று வகை கைவலைக்கே கிடைக்கும். களக்காடு முண்டந்துறைக் காப்பகத்துக்குள்ளும் பாபநாசம் கோயில் படித்துறையிலும் மீன் பிடிக்கக் கூடாது. அங்கே பார்க்க மட்டும் செய்யலாம், பார்ப்பதற்கு அங்கே நிறைய இருக்கிறது. ஆப்பிரிக்கக் கெளுத்தியை வளர்க்கத் தடை உள்ளது, யார் கொடுத்தாலும் வாங்காதீர்கள்.

60 × 30 × 30 செ.மீ. தொட்டியில் 25 செ.மீ. உயரத்துக்கு விட்டால் 45 லிட்டர் பிடிக்கும். குழாய்த் தண்ணீரைக் காற்றுக் குமிழி ஓடவிட்டு ஒரு நாள் வைத்திருந்து, குளோரின் போன பிறகு ஊற்றுங்கள். தொட்டிக்கு அடியில் 2.5 செ.மீ. தெர்மாகோல் பலகை கட்டாயம் வேண்டும். அது இல்லாவிட்டால் பக்கத்து அறையில் மிக்ஸி ஓடுவதும், தெருவில் லாரி போவதும், நீங்கள் நடப்பதும் தரை வழியாக மீனுக்குப் போய்ச் சேரும். மீன் வந்த பிறகு குறைந்தது பத்து நாள் எதுவும் செய்யாமல் தீனி மட்டும் போடுங்கள். சோதனைக்கு ஏற்ற நேரம் காலை 6 மணி முதல் 9 மணி வரை. கோடையில் மதியத்துக்கு மேல் தொட்டித் தண்ணீர் 32 டிகிரியைத் தாண்டும், கரைந்த ஆக்சிஜன் குறையும், மீன் மேலே வந்து வாயைப் பிளக்கும். அப்போது கிடைக்கும் பதில் புலனைப் பற்றியதல்ல, மூச்சுத் திணறலைப் பற்றியது.

இன்னொன்றைக் கடையில் கேட்டுக்கொள்ளுங்கள்: அந்த மீனுக்கு அண்மையில் நியோமைசின், ஜென்டாமைசின் வகை மருந்து போட்டார்களா? அவை பக்கக்கோட்டின் உணர்செல்களையே கொல்லும். மீனுக்கு அந்தச் செல்கள் திரும்ப முளைக்கும். மனிதக் காதில் அப்படி முளைப்பதில்லை. மருந்து போட்ட மீன் என்றால் இரண்டு வாரம் தள்ளிப் போடுங்கள்.

முதலில் சந்தை மீனில் பார்க்க வேண்டியவை

உறுப்பு எங்கே இருக்கிறது என்று தெரியாமல் சோதனைக்குப் போவது வீண். ஒரு கிலோ ரோகு, ஒரு ஜிலேபி, ஒரு கெளுத்தி, ஒரு கத்தாளை வாங்குங்கள். "அண்ணாச்சி, தலையோட ரெண்டு விரக்கடை முதுகெலும்பையும் சேத்து வெட்டித் தாங்க, தலையைப் பிளக்காதீங்க" என்று ரோகுக்குச் சொல்லிவிடுங்கள். காலையில் வந்த மீனாக இருக்கட்டும். மூளை சில மணி நேரத்தில் குழைந்துவிடும். உறைந்த மீனில் கண்வில்லை வெளுத்திருக்கும்.

ரோகுவின் பக்கவாட்டில் செவுள் மூடியிலிருந்து வால்வரை ஓடும் கோட்டில் ஏறத்தாழ 40 செதில்கள் இருக்கும். அதில் ஒன்றைச் சாமணத்தால் பிடுங்கி வெளிச்சத்துக்கு எதிரே பிடியுங்கள். நடுவில் ஒரு மெல்லிய குழாய் தெரியும். துடைத்துவிட்டுக் குழாயின் ஒரு முனையில் எழுதும் மையை ஊசிமுனையளவு தொட்டு வைத்தால் மை உள்ளே ஓடி மறுமுனையில் எட்டிப் பார்க்கும். கோட்டுக்கு மேலோ கீழோ உள்ள செதிலில் இது நடக்காது. உயிரோடு இருக்கும்போது அந்தக் குழாயின் உள்ளே மயிர்ச் செல்கள் கொத்தாக ஒரு கூழ்த்தொப்பிக்குள் நிற்கும். தண்ணீர் அசைந்தால் தொப்பி சாயும், மயிர் வளையும், நரம்பில் துடிப்பு கூடும் அல்லது குறையும். கொத்தில் பாதிச் செல்கள் ஒரு திசைக்கும் மறுபாதி எதிர்த்திசைக்கும் பதில் சொல்வதால் தண்ணீர் எந்தப் பக்கமிருந்து வந்தது என்பதும் மூளைக்குத் தெரிகிறது. ஜிலேபியைப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். அதன் கோடு முதுகுத் துடுப்பு முடியும் இடத்துக்குக் கீழே அறுந்து, இன்னும் கீழே இறங்கி, வால்வரை இரண்டாம் துண்டாக ஓடும்.

ரோகுவின் மூக்குத் துளையில் குண்டூசியின் கொண்டைப் பக்கத்தை மெல்ல விடுங்கள். ஒரு பக்கத்துக்கு இரண்டு துளை, ஒன்றில் நுழைந்து மற்றதில் வெளிவரும். வாய்க்கோ தொண்டைக்கோ வழி கிடையாது. மீன் மூக்கால் மூச்சு விடுவதில்லை, மோப்பம் மட்டும்தான். இரண்டு துளைக்கும் நடுவிலுள்ள தோலைக் கத்தரித்தால் உள்ளே பூவிதழ்போல் மடிப்புகள் தெரியும்.

கண்ணின் முன்தோலைப் பிளேடால் கீறி அழுத்தினால் வில்லை வெளியே வரும். குழம்பில் வெந்த மீன் கண்ணிலிருந்து வெள்ளை உருண்டையாக வருவது இதுதான். வேகாதபோது கண்ணாடிபோல் தெளிவாக இருக்கும். செய்தித்தாள் எழுத்தின் மேல் உருட்டி வைத்தால் எழுத்து பெரிதாகத் தெரியும். நம் கண்வில்லை தட்டை, ஏனென்றால் வெளிச்சத்தைப் பெரும்பகுதி வளைப்பது கருவிழிப் படலம். தண்ணீருக்குள் அந்தப் படலத்துக்கு வேலை இல்லை, முழு வேலையும் வில்லையின் தலையில் விழுகிறது. அதனால்தான் மீனுக்கு உருண்டை வில்லை. குவிப்பதற்கு அது வில்லையின் வடிவத்தை மாற்றாது, வில்லையையே உள்ளே இழுக்கும்.

உட்காதிலுள்ள செவிக்கல்லைப் பார்க்கக் கத்தாளை சிறந்தது. கண்ணின் மேல்விளிம்பு மட்டத்தில் கத்தியைக் கிடையாக வைத்துப் பின்னோக்கி அறுத்து மண்டை மூடியை எடுங்கள். மூளைக்குக் கீழே பின்புறம் இரண்டு பக்கக் குழிகளிலும் வெள்ளைக் கற்கள் கிடைக்கும். எலும்பு மீன்களுக்குப் பக்கத்துக்கு மூன்று கல் உண்டு. கத்தாளையில் ஒன்று மட்டும் மிகப் பெரிது. ஒலி வந்ததும் மீனின் சதை தண்ணீரோடு சேர்ந்து ஆடும். அடர்த்தி மிகுந்த கல் பின்தங்கும். அந்த வித்தியாசத்தில் கல்லுக்கடியில் உள்ள மயிர்ச் செல்கள் வளைகின்றன. கல்லில் தெரியும் வளையங்களை எண்ணி வயதைச் சொல்லிவிட அவசரப்பட வேண்டாம். வெப்ப நாட்டு மீனில் ஒரு வளையம் ஓர் ஆண்டு என்பது எப்போதும் பொருந்தாது.

ரோகுத் தலையை முதுகெலும்புத் துண்டோடு 15 நிமிடம் வேகவைத்து, ஆறியதும் சதையைக் கையால் நீக்குங்கள். முதல் சில முள்ளெலும்புகளின் இரு பக்கமும் சின்ன எலும்புகளின் சங்கிலி ஒன்று ஒட்டியிருக்கும். அதில் பின்னால் இருப்பதே பெரிது, முனை வளைந்த முக்கோணம். அது காற்றுப்பையின் முன்சுவரைத் தொட்டுக்கொண்டிருக்கும், முன்கோடியில் உள்ள எலும்பு உட்காதைத் தொடும். காற்றுப்பை ஒலியில் அதிர, அந்த அதிர்வை இந்தச் சங்கிலி காதுக்கு எடுத்துச் செல்கிறது. 1820-இல் எர்ன்ஸ்ட் வேபர் விவரித்ததால் வேபர் எலும்புகள் என்கிறோம். கெண்டைக்கும் கெளுத்திக்கும் உண்டு, ஜிலேபிக்கும் விராலுக்கும் கிடையாது. அரை மணி நேரம் வேகவிட்டால் எலும்புகள் கழன்று கொதித் தண்ணீரோடு போய்விடும். கடிகாரத்தைப் பார்த்து இறக்குங்கள்.

மூளையைப் பார்க்க மேல் மண்டையைச் சீவிச் சீவி எடுக்க வேண்டும். ரோகுவின் மண்டைக்குள் மூளையைச் சுற்றிக் கொழுப்பும் நீரும் நிறைந்திருக்கும். அதைப் பஞ்சால் ஒற்றி எடுங்கள், தேய்க்காதீர்கள். சிறுமூளைக்குப் பின்னால், முகுளத்தில், இரண்டு புடைப்புகள் தெரியும். வாய்க்குள்ளிருந்து வரும் சுவைக்கு ஒதுக்கிய இடம் அது. கெண்டை சேற்றோடு வாய்நிறைய உறிஞ்சி, மேலண்ணத்தில் அழுத்தித் தீனியை மட்டும் பிரித்துவிட்டுச் சேற்றைத் துப்புவது இந்தப் புடைப்புகளின் வேலை. கெளுத்தியில் அதே இடத்தில் மீசையிலிருந்தும் தோலிலிருந்தும் வரும் சுவைக்கான புடைப்புகள் ஓங்கி நிற்கும். ஜிலேபியில் இவை சிறுத்து, நடுவிலுள்ள பார்வைப் புடைப்புகள் பெருத்திருக்கும். எந்த மீன் எந்தப் புலனை நம்பி வாழ்கிறது என்பதை மூளையின் மேடுபள்ளமே சொல்லிவிடும்.

உவரி, கூட்டப்புளி பக்கம் போனால் கரையில் கிடக்கும் சுறாவின் மூக்கடியைப் பாருங்கள். கரும்புள்ளிகளாகத் துளைகள் இருக்கும். விரலால் அழுத்தினால் தெளிந்த கூழ் வரும். 1678-இல் ஸ்டெபானோ லொரென்சினி விவரித்த மின்னுணர் உறுப்பு அது.

பார்வை

வெளி உலகம் முழுவதும் மீனுக்கு நீர்மட்டத்தில் ஒரு வட்டச் சன்னல் வழியாகத்தான் தெரியும். சன்னலின் விட்டம், மீனின் கண் இருக்கும் ஆழத்தைப்போல் 2.27 மடங்கு. 30 செ.மீ. ஆழத்தில் நிற்கும் மீனுக்கு 68 செ.மீ. வட்டம். வட்டத்தின் விளிம்பில் தாழ்வானவை எல்லாம் நசுங்கித் தெரியும். நீர்மட்டத்திலிருந்து 10 டிகிரிக்குக் கீழே இருப்பதை மீன் பெரும்பாலும் பொருட்படுத்தாது. கணக்காகச் சொன்னால், 1.7 மீட்டர் உயர ஆள் 10 மீட்டர் தள்ளி நிற்க வேண்டும், குத்தவைத்து உட்கார்ந்தால் 5 மீட்டர் போதும். இதைப் படித்துறையில் சோதிக்கலாம். மேல்படியில் ஒருவர் நிற்கட்டும், பிறகு அதே படியில் அமரட்டும். மீன் கூட்டம் விலகுவதையும் திரும்புவதையும் மற்றவர் தள்ளியிருந்து படம் பிடிக்கட்டும். நடந்து வரும் அதிர்வு கருங்கல் படி வழியாகவும் போகும் என்பதால், மண்டபச் சுவருக்குப் பின்னால் மறைந்தபடி ஒருவர் படியில் ஓங்கி மிதிக்கும் சோதனையையும் சேர்த்துச் செய்யுங்கள். அதற்கும் மீன் விலகினால் முதல் சோதனையைப் பார்வைக் கணக்கில் எழுத முடியாது.

வீட்டில் செய்யக் கோட்டு உருளை. 82 செ.மீ. நீள வெள்ளைச் சார்ட்டில் 2 செ.மீ. அகலக் கறுப்புப் பட்டைகளை 2 செ.மீ. இடைவெளியில் இருபது ஒட்டி, 2 செ.மீ. மேலேற்றிப் பசை போட்டால் 25 செ.மீ. விட்டத்துக்குச் சற்று மேல் ஓர் உருளை கிடைக்கும். மூன்று நூலில் கட்டி, ஒற்றைக் கொக்கியில் தொங்கவிடுங்கள். உள்ளே 20 செ.மீ. கண்ணாடி ஜாடியில் மூன்று சீப்ரா மீன். உருளை ஜாடியைத் தொடக் கூடாது. 15 வினாடிக்கு ஒரு சுற்றாகத் திருப்பினால் மீன் பட்டைகளோடு சேர்ந்து நீந்தும், திசையை மாற்றினால் அதுவும் மாறும். 5 வினாடிக்கு ஒரு சுற்று என்று வேகம் கூட்டினால் விட்டுவிடும். பட்டை இல்லாத வெள்ளை உருளையையும் அதே வேகத்தில் சுழற்றிப் பாருங்கள். அதற்கும் மீன் பின்தொடர்ந்தால் அது உங்கள் தலையையோ கையையோ பார்க்கிறது.

பக்கக்கோடு

இதற்கு இருட்டு வேண்டும். இங்கேதான் பலர் சிவப்பு செல்லோபேன் ஒட்டிய விளக்கை வைத்துவிட்டு மீனுக்குத் தெரியாது என்று நினைக்கிறார்கள். தெரியும். நன்னீர் மீன்கள் பலவற்றின் விழித்திரை நிறமி வைட்டமின் ஏ2-வில் அமைந்தது, நம்மைவிடச் சிவப்புப் பக்கம் நன்றாகப் பார்க்கக்கூடியது. வீட்டுக் காவலுக்கு மாட்டும் இன்ஃப்ராரெட் கேமராதான் சரி. கண்ணாடி வழியாகப் பிடித்தால் அதன் ஒளியே திரும்பி வந்து படம் வெளுக்கும். மேலேயிருந்து பிடியுங்கள். காற்றுக் குமிழியைப் பத்து நிமிடம் முன்னால் நிறுத்திவிட வேண்டும். குமிழி எழுப்பும் அசைவில் மற்ற அசைவு மூழ்கிவிடும்.

பாஞ்சாக்ஸ் மீனுக்குத் தலை உச்சியிலேயே பக்கக்கோட்டு உறுப்புகள் உண்டு. நீரில் விழுந்து தத்தளிக்கும் பூச்சி எழுப்பும் சிற்றலையிலிருந்து திசையையும் தூரத்தையும் கணிக்கும். நம் வாய்க்காலில் திரியும் இதே வகையை வைத்துத்தான் ஜெர்மன் ஆய்வகங்களில் நீர்மட்ட அலையுணர்வைப் பற்றி நிறையக் கண்டறிந்தார்கள். தூண்டில் நரம்பின் நுனியை நீர்மட்டத்தைத் தொடவிட்டு, மறுமுனையை மெல்ல மெல்லச் சுண்டுங்கள். மீனிலிருந்து 5 செ.மீ. தூரத்தில் தொடங்கி, 2 செ.மீ. வீதம் தள்ளிப் போங்கள். உடனே அந்தப் பக்கம் திரும்பி நீந்தினால் பதில், சும்மா சுற்றி வந்து முட்டுவது பதில் அல்ல. நரம்பைத் தொடவிட்டு ஆட்டாமல் வைத்திருக்கும் சுற்றுகளும் பாதி இருக்கட்டும். வாசனை நரம்பில் ஒட்டியிருந்தால் அப்போதும் மீன் வரும், அதைக் கண்டுபிடிக்கவே அந்தச் சுற்றுகள். கையைச் சோப்பில்லாமல் கழுவிவிட்டு நரம்பைத் தொடுங்கள்.

கெண்டைக்கு இன்னும் எளிது. 5 மி.லி. சிரிஞ்சில் 30 செ.மீ. காற்றுக்குழாய் மாட்டி, தொட்டித் தண்ணீரையே நிரப்பி, விலாவுக்கு 3 செ.மீ. தள்ளி மெல்ல அழுத்துங்கள். மீன் விலகும். பக்கக்கோட்டின் எல்லை உடல் நீளத்தின் ஒன்றிரண்டு மடங்குதான். 20 செ.மீ. தள்ளியும் மீன் விலகினால் வேறு ஏதோ புலன் உள்ளே நுழைந்துவிட்டது.

கேட்டல்

பக்கக்கோடு ஏறத்தாழ 200 ஹெர்ட்ஸுக்கு மேல் பயன்படாது. ஆகவே 500 ஹெர்ட்ஸ் ஒலியைத் தேர்ந்தால் அதைத் தானாகவே கணக்கிலிருந்து நீக்கிவிடலாம். காற்றில் ஒலிக்கும் சத்தத்தில் ஆயிரத்தில் ஒரு பங்குதான் தண்ணீருக்குள் போகும். தொட்டிப் பக்கத்தில் நின்று பேசினாலும் பாடினாலும் மீன் அசையாமல் இருப்பது இதனால். சின்ன ப்ளூடூத் ஸ்பீக்கரை இரண்டு ஜிப் உறையில் போட்டு, தொட்டியின் வெளிக் கண்ணாடியில் பஞ்சுத் துண்டு வைக்காமல் இறுக்கி அழுத்திக் கட்டுங்கள். மூன்று பக்கக் கண்ணாடியைக் கறுப்புத் தாளால் மூடுங்கள். தீனி மேலேயிருந்து பிவிசி குழாய் வழியாக விழட்டும், கை தெரியக் கூடாது.

8 வினாடி ஒலி, ஒலி நிற்கும் முன்பே தீனி. ஒரு நாளைக்கு மூன்று வேளை, நேரம் மாற்றி மாற்றி. ஒரே நேரத்தில் போட்டால் மீன் நேரத்தைக் கற்றுக்கொள்ளும், ஒலியை அல்ல. பத்து நாள் கழிந்து, தீனி போடாமல் ஒலியை மட்டும் விட்டுப் பாருங்கள். கெண்டை குழாய்க்கடியில் கூடும். பிறகு 1,500 ஹெர்ட்ஸ். கெண்டைக்கு அதுவும் நன்றாகக் கேட்கும், வேபர் எலும்பு இல்லாத ஜிலேபிக்குப் பெரும்பாலும் கேட்காது. தீனி இல்லாத சோதனையை ஒரு நாளில் ஒன்றுக்கு மேல் செய்தால் பழகியது அழிந்துவிடும். கார்ல் வான் ஃபிரிஷ் 1923-இல் பார்வையற்ற கெளுத்தி ஒன்றை விசிலுக்கு வரப் பழக்கிக் காட்டிய பிறகுதான் மீனுக்குக் காது கேட்குமா என்ற பழைய சண்டை ஓய்ந்தது.

மோப்பமும் சுவையும்

கெண்டையின் தோல் கிழிந்தால் அதிலிருந்து கசியும் பொருள் மற்றக் கெண்டைகளை எச்சரிக்கும். இதையும் 1938-இல் வான் ஃபிரிஷ்தான் விவரித்தார். சந்தையில் அன்று வாங்கிய கெண்டையின் செதில் நீக்காத தோலில் 1 சதுர செ.மீ. எடுத்து, 100 மி.லி. தொட்டித் தண்ணீரில் நறுக்கிக் கசக்கித் துணியில் வடிகட்டுங்கள். முதலில் வெறும் தொட்டித் தண்ணீர் 5 மி.லி.யைக் குழாய் வழியாக மூலையில் விட்டு ஐந்து நிமிடம் பாருங்கள். பிறகு அதே இடத்தில் தோல்நீர் 5 மி.லி. கூட்டம் நெருங்கி அடியில் போய் உறைந்து நிற்கும். ஒரே இனத்தின் தோல் என்றால் பதில் வலுவாக இருக்கும். முடிந்ததும் பாதித் தண்ணீரை மாற்றுங்கள். அடுத்த சோதனை ஒரு வாரம் கழித்துத்தான்.

கெளுத்திக்கு உடம்பெல்லாம் நாக்கு. அமெரிக்கக் கெளுத்தி இனம் ஒன்றில் சுவை மொட்டுகள் லட்சத்துக்கு மேல் எண்ணியிருக்கிறார்கள். மண்புழுச் சாற்றில் நனைத்த பஞ்சையும் வெறும் பஞ்சையும் மாற்றி மாற்றி விலாவில் தொட்டுப் பாருங்கள். சாற்றுப் பஞ்சுக்குத் திரும்பிக் கவ்வும். கெளுத்தியைக் கையில் எடுக்காதீர்கள், வலையோடு எடுங்கள். முள் குத்தினால், தேளி குத்தினால் இன்னும் கூடுதலாக, பொறுக்கும் அளவு வெந்நீரில், 45 டிகிரியைத் தாண்டாமல், அரை மணி நேரத்துக்குக் குறையாமல் வைத்திருந்து மருத்துவரிடம் போங்கள்.

மின்னுணர்வு

1917-இல் பார்க்கரும் வான் ஹியூசனும் ஒரு விந்தையைப் பதிவு செய்தார்கள். கண்ணை மறைத்த கெளுத்தி, கண்ணாடிக் கோல் மேலே படும்வரை சும்மா இருந்தது. உலோகக் கோலுக்குச் சில செ.மீ. முன்பே பதில் சொன்னது. உலோகம் தண்ணீரில் பட்டதும் மிக மெல்லிய மின்னோட்டம் உண்டாகிறது, அதைத் தோலிலுள்ள குழி உறுப்புகள் உணர்கின்றன. கண்ணை மறைக்காமலே, இருட்டில் இன்ஃப்ராரெட் கேமராவோடு நாமும் இதைச் செய்யலாம்.

ஒரே பருமனில், 6 மி.மீ., மூன்று கோல்கள்: கண்ணாடி, வெறும் இரும்பு, நெயில் பாலிஷ் மூன்று பூச்சுப் பூசிக் காய்ந்த இரும்பு. மூன்றுக்கும் பிவிசி கைப்பிடி போடுங்கள், ரப்பர் கையுறை அணியுங்கள். தொட்டியைத் தொடும் 230 வோல்ட் கருவி அத்தனையையும், மோட்டார், ஹீட்டர், விளக்கு எல்லாவற்றையும், சுவிட்சில் அல்ல, பிளக்கையே பிடுங்கிவிடுங்கள். கசியும் மின்சாரம் மீனுக்குத் தொடர்ந்த இரைச்சல். கெளுத்தி தான் ஒளியும் குழாய்க்கு வெளியே நிற்கும்போது விலாவுக்கு நேரே வினாடிக்கு 1 செ.மீ. வேகத்தில் கோலைக் கொண்டுபோங்கள். எந்தத் தூரத்தில் அசைந்தது என்று அடியில் ஒட்டிய அளவுத்தாளைப் பார்த்துக் குறியுங்கள். கோலுக்குப் பத்து முறை, வரிசையைச் சீட்டுக் குலுக்கி முடிவு செய்யுங்கள், இரண்டு முறைக்கு நடுவே மூன்று நிமிடம்.

பூசிய இரும்பு கண்ணாடிபோல் நடந்துகொண்டால்தான் சோதனை வெற்றி. வெறும் இரும்புக்கும் பூசிய இரும்புக்கும் ஒரே பதில் வந்தால் கோலை வேகமாகத் தள்ளியிருக்கிறீர்கள், மீன் உணர்ந்தது நீரசைவை. பூச்சில் ஒரு ஊசிமுனைக் கீறல் இருந்தாலும் கெடும். தாமிரபரணித் தண்ணீரில் கிடைக்கும் தூரமும், திசையன்விளைப் பக்கத்து உப்புக் கிணற்றுத் தண்ணீரில் கிடைக்கும் தூரமும் ஒன்றாக இருக்காது, உப்பு கூடினால் மின்னோட்டம் பரவும் விதமே மாறும். இரண்டு இடத்து அளவையும் ஒரே பட்டியலில் சேர்க்காதீர்கள்.

நரம்பின் வேகம்

மீனின் முகுளத்தில் பக்கத்துக்கு ஒன்றாக இரண்டே இரண்டு பெரிய நரம்புச் செல்கள் இருக்கின்றன. 1859-இல் லுட்விக் மவுத்னர் கண்டவை. இடப்பக்கச் செல்லின் இழை வலப்பக்கம் கடந்து வால்வரை போகும். இடப்பக்கம் திடீரென அதிர்ந்தால் அந்தச் செல் ஒரே ஒரு துடிப்புத் துடிக்கும். வலப்பக்கத் தசை முழுவதும் ஒரே நேரத்தில் சுருங்கும், உடல் வில்லாக வளைந்து ஆபத்துக்கு எதிர்ப்பக்கம் பாயும். எதிர்ச்செல் அந்த நேரத்தில் அடக்கப்பட்டுவிடும், இரண்டும் சேர்ந்து துடித்தால் மீன் எங்கும் போகாது.

இதைப் படம் பிடிக்க வினாடிக்கு 240 படம் எடுக்கும் ஃபோன் போதும். ஒரு படத்துக்கு 4.2 மில்லி வினாடி. சில ஃபோன்கள் குறைவாக எடுத்து நடுவில் பொய்ப்படம் நிரப்பும். 1 மீட்டர் உயரத்திலிருந்து கல்லை விட்டுப் படம் பிடித்துச் சரிபாருங்கள், தரையைத் தொட 108 படம் ஆக வேண்டும், ஒவ்வொன்றிலும் கல் நகர்ந்திருக்க வேண்டும், நடுவே கலங்கிய படம் வரக் கூடாது. 40 செ.மீ. வெள்ளைத் தட்டில் 8 செ.மீ. தண்ணீர், ஒரு மீன், மேலே ஃபோன். வெயில் வெளிச்சமே நல்லது, சில எல்இடி விளக்குகள் வினாடிக்கு நூறு முறை மினுக்குவது இந்த வேகத்தில் தெரியும். நூலில் தொங்கும் கோலிக்குண்டை ஊசல்போல் விட்டுத் தட்டின் வெளிச்சுவரில் அடிக்கச் செய்யுங்கள். குண்டு படத்தில் தெரிய வேண்டும், மீனுக்குத் தெரியாதபடி ஓர் அட்டை மறைக்க வேண்டும்.

குண்டு தொட்ட படத்திலிருந்து தலை அசைந்த படம்வரை எண்ணுங்கள். இரண்டு முதல் நான்கு படத்துக்குள் வளைந்தால் மவுத்னர் வழி. பத்துப் படத்துக்கு மேல் ஆனால் வேறு, மெதுவான நரம்புவழி. எந்தப் பக்கம் வளைந்தது என்றும் குறியுங்கள். பத்து வினாடிக்கு ஒருமுறை அடித்தால் சில அடிகளில் மீன் பழகி அசையாமல் நிற்கும். அதை வேண்டுமென்றே ஒரு தனிச் சோதனையாகச் செய்யலாம், இல்லையேல் குறைந்தது மூன்று நிமிடம் விடுங்கள். ஒரு மீனுக்கு ஒரு நாளில் ஐந்தாறு அடி போதும்.

மூளை வேலை செய்கிறதா என்பதை வீட்டில் மீன் கொல்லும் எவரும் பார்க்கக்கூடிய அடையாளம் கண்ணில் இருக்கிறது. உயிருள்ள மீனைக் கையில் பிடித்து ஒரு பக்கம் சாய்த்தால் கண்கள் எதிர்ப்பக்கம் உருண்டு மட்டமாக நிற்கப் பார்க்கும். உட்காதின் சாய்வுச் செய்தி மூளைத்தண்டு வழியாகக் கண்தசைக்குப் போகிறது. மூளை நின்றதும் கண்ணும் தலையோடு சேர்ந்து பொம்மைக்கண்ணாகச் சாயும். விராலையும் கெளுத்தியையும் பையில் போட்டோ ஐஸில் போட்டோ சாகட்டும் என்று விடுவது கொடுமை. விரால் காற்றையே மூச்சாக வாங்கும், கெளுத்தியும் எளிதில் உயிரை விடுவதில்லை, நெடுநேரம் உணர்வோடு கிடக்கும். கனத்த கட்டையால் தலை உச்சியில், கண்களுக்குச் சற்றுப் பின்னால், ஒரே அடி. விராலின் மண்டை தடிப்பானது, மெல்லத் தட்டினால் வலி மட்டும்தான் மிஞ்சும். உடனே அதே இடத்தில் கூரிய கம்பியை இறக்கித் திருகினால் துடுப்புகள் விறைத்து விரிந்து, பிறகு தளரும். இப்போது சாய்த்துப் பாருங்கள். கண் உருளக் கூடாது, செவுள் மூடி சீராகத் திறந்து மூடக் கூடாது. இரண்டில் ஒன்று இருந்தாலும் மறுபடி செய்ய வேண்டும். இரண்டும் நின்ற பிறகும் வால் சற்று நேரம் துடிக்கும். அது தண்டுவடமும் தசையும் தாமாகச் செய்வது, அதை வைத்து உயிர் இருப்பதாகக் கணக்கிட வேண்டாம்.